மெஷின்ல இருக்குற நம்பர் எல்லாம் சீரியல் நம்பர் இல்லைங்க

பழைய தையல் மெஷின் வச்சிருக்கவங்ககிட்ட என்ன மாடல்னு கேட்டா முக்காவாசி பேர் சொல்ற பதில் "சிங்கர்"தான், ஏன்னா மேல தங்க எழுத்துல பெருசா அதான் இருக்கு. அது கம்பெனி பேருங்க. சரி வேற ஏதாவது நம்பர் இருக்கான்னு கேட்டா தேடிப் பாத்துட்டு ஊசிக்குக் கீழ இருக்குற பிளேட்ல இருக்குற நம்பரைச் சொல்வாங்க, இல்லன்னா பிரஷர் ஃபுட்டுல பொடியா அடிச்சிருக்கறதைச் சொல்வாங்க. லைட்டு மூடியில "15 வாட்"னு இருக்கறதைப் பாத்துட்டு அப்ப இது 15ஆம் மாடல்தானேன்னு சந்தோஷப்படுறவங்களும் இருக்காங்க.

நான் சொல்ல வர்றது இவ்ளோதான். ஒரு மெஷின்ல நாலஞ்சு விதமான அடையாளம் இருக்கும், ஒவ்வொண்ணும் வேற வேற கேள்விக்குப் பதில். ஒரு நம்பர் எந்தப் பாகத்து மேல அடிச்சிருக்கோ அந்தப் பாகத்தைப் பத்தி மட்டும்தான் அது பேசும். இதைப் பிடிச்சுக்கிட்டா பாதிக் குழப்பம் போயிடும்.

முதல்ல இந்த பார்ட் நம்பர் விவகாரத்தை முடிச்சிடலாம். சிங்கர் மெஷினோட சின்னச் சின்னப் பாகங்கள்ல "சிமான்கோ"ன்னு ஒரு வார்த்தையும் அதோட ஒரு நம்பரும் இருக்கும். இதைப் பாத்துட்டு சிமான்கோன்னு ஏதோ தனிக் கம்பெனின்னு நினைக்கிறாங்க. சிங்கர் மேனுஃபாக்சரிங் கம்பெனிங்கற பேரோட முதல் எழுத்துகளைச் சேத்து வச்ச சுருக்கம்தான் அது. கூட இருக்குற நம்பர் அந்தப் பாகத்தோடது, அதாவது அதே பிளேட் ஆயிரக்கணக்கான மெஷின்ல இருக்கும், எல்லாத்துலயும் அதே நம்பர்தான். புது பிளேட் வாங்கணும்னா அந்த நம்பர் ரொம்ப உதவும், மெஷின் எந்த வருஷத்துதுன்னு கேட்டா அதுக்கு ஒண்ணும் தெரியாது. மெஷினைக் கவுத்துப் பாத்தா வார்ப்பு இரும்புலயே புடைச்சுக்கிட்டு நம்பர் இருக்கும் பாருங்க, அதுவும் இதே கதைதான். புடைச்சுக்கிட்டு இருந்தா அது அச்சுலேயே வந்தது, அப்ப அந்த அச்சுல வாத்த எல்லாத்துலயும் அதே நம்பர் இருக்கும்ல. சீரியல் நம்பர் ஒவ்வொரு மெஷினுக்கும் மாறணும், அதனால பழைய மெஷின்ல அது பெரும்பாலும் உள்ள அழுந்தி, பஞ்ச் பண்ணின மாதிரி இருக்கும், சில சமயம் எழுத்து லேசா மேலயும் கீழயுமா கூட விழுந்திருக்கும்.

பழைய சிங்கர்ல அது எங்க இருக்கும்னா, துணி ஓடுற தளத்துல, வலது கைப் பக்கம், தூண் ஏறுற இடத்துக்குப் பக்கத்துல. கொஞ்சம் மேடா ஒரு திட்டு மாதிரி விட்டு அதுல அடிச்சிருப்பாங்க. எண்ணெயும் பஞ்சும் சேந்து அம்பது வருஷ அழுக்கு அங்கதான் உக்காந்திருக்கும், அதனால நிறைய பேர் நம்பரே இல்லைன்னு முடிவு பண்ணிடுறாங்க. தூக்கிட்டுப் போற சின்ன எலக்ட்ரிக் மெஷின் சிலதுல மேல தேடுனா கிடைக்காது, ஃபெதர்வெயிட்னு சொல்ற 221 மாதிரி மெஷின்ல அடிப்பக்கம் கவுத்துப் பாக்கணும்.

சிங்கர் நம்பரைப் படிக்கிறது ஒரு தனி சுவாரசியம். 1851ல கம்பெனி ஆரம்பிச்சதுல இருந்து 1900 வரைக்கும் வெறும் நம்பர்தான், எழுத்தே கிடையாது, அது அப்படியே ஏறி ஏறி ஒரு கோடியே அறுபது லட்சத்தைத் தாண்டிடுச்சு. அவ்ளோ நீளமான நம்பரை ஒவ்வொரு மெஷின்லயும் அடிக்கிறது அவங்களுக்கே கஷ்டமா இருந்திருக்கும் போல, அதுக்கப்புறம் முன்னாடி ஒரு எழுத்து போட்டு நம்பரைத் திரும்பக் கீழ இருந்து ஆரம்பிச்சாங்க. அந்த எழுத்து எந்தத் தொழிற்சாலைன்னும் சொல்லும். எஃப், ஒய் ரெண்டும் ஸ்காட்லாந்துல கிளைட்பேங்க். ஜி அமெரிக்காவுல நியூஜெர்சி எலிசபெத் தொழிற்சாலை. சி போட்டிருந்தா ஜெர்மனியில விட்டன்பெர்க. டபிள்யூ இருந்தா பிரிட்ஜ்போர்ட், அது முன்னாடி வீலர் அண்ட் வில்சன் கம்பெனியோட இடம், சிங்கர் அவங்களை வாங்கிப் போட்டப்போ தொழிற்சாலையோட சேந்து அவங்க மெஷினும் வந்துடுச்சு, அதனாலதான் 9 டபிள்யூன்னு ஒரு சிங்கர் பாக்கறதுக்கு சிங்கர் மாதிரியே இருக்காது. ஒரு எழுத்து வரிசை தீர்ந்ததும் ரெண்டு எழுத்து வந்துச்சு, ஏ ஏ, ஏ பி, ஏ சின்னு போனா எலிசபெத், இ ஏ, இ பின்னு போனா கிளைட்பேங்க்.

இந்த கிளைட்பேங்க் தொழிற்சாலை பத்தி ஒரு வார்த்தை. 1880கள்ல கட்டி 1980ல மூடினாங்க, அங்க இருந்த மணிக்கூண்டு நாலு பக்கமும் முகம் வச்சது, ஊருக்கே நேரம் சொன்னது. தொழிற்சாலையே போயிடுச்சு, ஆனா அங்க இருக்குற ரயில் ஸ்டேஷனுக்கு இன்னிக்கும் பேரு சிங்கர்தான். மாடல் நம்பருக்குப் பின்னாடி கே இருந்தா, அதாவது 201கே, 99கேன்னு இருந்தா, அதுவும் இதே இடம்தான், கில்போவிங்கற பகுதிப் பேர்ல இருந்து வந்த கே. ஜே போட்டா கனடாவுல செயின்ட் ஜான்ஸ். ஜி போட்டா ஜெர்மனியில கார்ல்ஸ்ரூ.

இங்க கவனிங்க, சீரியல் நம்பருக்கு முன்னாடி வர்ற ஜி எலிசபெத், மாடலுக்குப் பின்னாடி வர்ற ஜி ஜெர்மனி. ஒரே எழுத்து, நிக்கிற இடம் வேற, அர்த்தம் வேற.

இதைவிடக் குழப்பம் ஜே ஏங்கற ரெண்டு எழுத்துல இருக்கு, எனக்கு ரொம்பப் பிடிச்ச உதாரணம் இதுதான். பழைய சிங்கர்ல சீரியல் நம்பர் ஜே ஏன்னு ஆரம்பிச்சா அது கனடாவுல செஞ்சது. ரெண்டாம் உலகப் போருக்கு அப்புறம் ஜப்பான்ல செஞ்ச மெஷினைக் கவுத்தா அடியில ஜே ஏ, பக்கத்துல ஒரு நம்பர், சிலதுல ஜே சின்னும் இருக்கும், அதுக்கும் கனடாவுக்கும் சம்பந்தமே இல்ல, அது அந்த மெஷினைச் செஞ்சவங்களுக்குக் கொடுத்த குறியீடு. சீனாவுல செஞ்ச கறுப்பு மெஷின்ல, ஷாங்காய் பட்டர்ஃப்ளை மாதிரி, ஜே ஏ 2-1னு இருக்கும், அங்க அது மாடல் பேரு. மூணு நாடு, மூணு அர்த்தம், அச்சா அதே ரெண்டு எழுத்து. அதனால எழுத்தை மட்டும் எடுத்துக்கிட்டுப் போய் பட்டியல்ல தேடினா வேற எதையோ கண்டுபிடிச்சுட்டு வருவீங்க. முதல்ல மெஷின் யாரோடதுன்னு தெரியணும், அப்புறம்தான் நம்பர்.

அந்த ஜப்பான் மெஷின்கள் தனி உலகம். சிங்கரோட 15ஆம் கிளாஸை, அதாவது 15ங்கற மாடல் குடும்பத்தை, அப்படியே பாத்து செஞ்சு, நீலம், ரோஸ், பச்சைன்னு கலர் கலரா பெயின்ட் அடிச்சு, உலகம் பூரா அனுப்பினாங்க. வாங்கி விக்கிறவங்க என்ன பேர் கேட்டாங்களோ அந்தப் பேர்ல பேட்ஜ் ஒட்டிக் கொடுத்தாங்க, அதனால நூத்துக்கணக்கான பேர்ல அதே மெஷின்தான் சுத்துது. முன்னாடி இருக்குற பேரை வச்சு வரலாறு தேடினா ஒண்ணும் கிடைக்காது, அந்தப் பேர்ல கம்பெனியே இருந்திருக்காது. ஆனா பயப்படத் தேவையில்ல, 15ஆம் கிளாஸ் பாபினும் பாபின் கேஸும் பெரும்பாலும் அப்படியே பொருந்தும். அடியிலயோ பின்னாடியோ "ஆக்கிரமிக்கப்பட்ட ஜப்பான்ல செஞ்சது"ங்கற அர்த்தத்துல ஆங்கிலத்துல இருந்தா வருஷம் ரொம்பக் குறுகிடும், ஏன்னா போருக்கு அப்புறம் நேச நாடுகளோட ஆக்கிரமிப்பு அங்க இருந்தது 1952 வரைக்கும்தான், அந்த மாதிரி முத்திரை போட்டு ஏற்றுமதி பண்ணினது 1947ல இருந்து.

நாட்டுப் பேரை வச்சு வருஷத்தைப் பிடிக்கிற இந்த வழியை நிறைய பேர் மறந்துடுறாங்க. "மேற்கு ஜெர்மனி"ன்னு இருந்தா அது 1949க்கு முன்னாடி இருக்கவே முடியாது, 1990க்கு அப்புறமும் இருக்காது. ரஷ்ய எழுத்துல சிங்கர்னு எழுதின மெஷின் மாஸ்கோ பக்கத்துல பொடோல்ஸ்க்ல செஞ்சது, புரட்சிக்கு அப்புறம் அந்தத் தொழிற்சாலையை அரசாங்கம் எடுத்துக்கிட்டுது, மெஷின் உருவம் மாறல, பேர்தான் மாறுச்சு. விட்டன்பெர்க தொழிற்சாலையும் போருக்கு அப்புறம் கிழக்கு ஜெர்மனி பக்கம் போய் வெரிட்டாஸ்ங்கற பேர்ல மெஷின் செஞ்சுச்சு. அதனால ஒரு வெரிட்டாஸையும் பழைய சி வரிசை சிங்கரையும் பக்கத்துல வச்சா ரெண்டும் ஒரே ஊர்ல பிறந்தது.

பேட்டன்ட் தேதியும் அப்படித்தான், ஆனா அதை எல்லாரும் தலைகீழா படிக்கிறாங்க. ஷட்டில், அதாவது கீழ்நூலைச் சுமந்துக்கிட்டு ஓடுற பாகம், அது மேல இழுத்து மூடுற பிளேட்ல வரிசையா தேதி இருக்கும், 1870, 1880ன்னு போகும், அதுல முதல் தேதியைப் பாத்துட்டு ஆஹா நூத்தம்பது வருஷ மெஷின்னு ஊரெல்லாம் சொல்லிடுறாங்க. பாக்க வேண்டியது கடைசித் தேதியை. அந்தத் தேதிக்கு முன்னாடி அந்த பிளேட் செஞ்சிருக்க முடியாது, அவ்ளோதான் தெரியும். அதுக்கு எத்தனை வருஷம் பின்னாடி செஞ்சாங்கன்னு அது சொல்லாது, பேட்டன்ட் காலம் முடிஞ்சும் அதே அச்சை வச்சு அடிச்சுக்கிட்டே இருந்திருக்கலாம். தவிர அந்த பிளேட் சுலபமா கழண்டு வர்ற சாமான், வேற மெஷின்ல இருந்து எடுத்துப் போட்டதாகூட இருக்கலாம்.

சரி, சிங்கர் சீரியல் நம்பரைக் கண்டுபிடிச்சாச்சு, பட்டியல்ல தேடியாச்சு, ஒரு தேதி வந்துச்சு. அதைப் பிறந்தநாள்னு கேக் வெட்டிடாதீங்க. அவங்க நம்பரைக் கட்டுக் கட்டா முன்கூட்டியே ஒதுக்குவாங்க, இந்த மாடல்ல இத்தனை ஆயிரம் மெஷினுக்கு இந்த நம்பர்ல இருந்து இந்த நம்பர் வரைக்கும்னு. பட்டியல்ல இருக்குறது அந்த ஒதுக்கின தேதி. மெஷின் செஞ்சு வெளிய வர்றதுக்கு மாசக்கணக்கிலோ அதுக்கு மேலயோ ஆகியிருக்கலாம். இதுக்கு நல்ல சாட்சி 1951 பேட்ஜ்தான். கம்பெனியோட நூறாவது வருஷத்துக்காக தூண்ல இருக்குற வட்ட பேட்ஜைச் சுத்தி நீலக் கரை வச்சு 1851-1951னு போட்டாங்க. அந்த பேட்ஜ் இருக்குற மெஷின் சிலதுல நம்பர் ஒதுக்கினது அதுக்கு முன்னாடி வருஷத்துல இருக்கும். அப்ப நம்பர் ஒண்ணு சொல்லுது, பேட்ஜ் ஒண்ணு சொல்லுது, ரெண்டும் உண்மைதான். ஆனா பேட்ஜ் ரெண்டு ஆணியில நிக்கிற சாமான்ங்கறதையும் ஞாபகம் வச்சுக்கோங்க, ஆணி தேஞ்சு புதுசா கீறல் இருந்தா யாரோ கழட்டி மாட்டியிருக்காங்கன்னு அர்த்தம்.

இப்போ மாடல் நம்பர். இதுதான் தைக்கிறவங்களுக்கு உண்மையில தேவைப்படுறது, ஆனா ரொம்பப் பழைய சிங்கர்ல இது எங்கயும் எழுதியிருக்காது, கொஞ்சம் பிந்தின மெஷின்ல தையல் நீளம் மாத்துற இடத்துக்குக் கீழ ஒரு சின்ன பிளேட்லயோ தூண்லயோ இருக்கும். இல்லாட்டி உருவத்தைப் பாத்துத்தான் சொல்லணும், அது ஒண்ணும் பெரிய வித்தை இல்ல. ஊசிப் பக்கம் இருக்குற பிளேட்டை இழுத்துப் பாருங்க. உள்ள நீளமா தோட்டா மாதிரி ஷட்டில் இருந்தா 27, 28, 127, 128 குடும்பம், அதுல பாபின் சுத்துற சாமான் கீழ தளத்துப் பக்கம் இருந்தா பொதுவா 27 இல்ல 28, மேல சக்கரத்துப் பக்கம் ஏறியிருந்தா 127 இல்ல 128. தளம் முழு அளவா இருந்தா 27ம் 127ம், முக்கால் அளவா இருந்தா 28ம் 128ம். பாபின் வட்டமா மேல இருந்து அப்படியே போடுற மாதிரி இருந்தா 66, அதோட முக்கால் அளவுத் தம்பி 99. பாபின் கேஸ் இடது பக்கம் பாத்து செங்குத்தா நின்னு, நூல் இறுக்குற திருகு முன்னாடி இல்லாம இடது முகத்துத் தகட்டுல இருந்தா 15. இன்னொரு வித்தியாசம், 15ல ஊசிக்கு நூல் வலது பக்கத்துல இருந்து இடது பக்கம் கோக்கணும், 66ல இடதுல இருந்து வலது. தப்பான பக்கம் கோத்துட்டு மெஷின் தைக்கவே மாட்டேங்குது, ஓட்டை மெஷின்னு மூலையில போட்டவங்க எத்தனையோ பேர்.

201ல மாடலுக்குப் பின்னாடி கோடு போட்டு வர்ற நம்பரும் கதை சொல்லும். 201-2ன்னா மோட்டார் உடம்போடவே சேந்தது, பெல்ட் கிடையாது, பல்சக்கரம் நேரா ஓட்டும். 201-3ன்னா வெளிய மோட்டார் மாட்டினது. ரெண்டையும் ஒண்ணுன்னு நினைச்சு ஸ்பேர் வாங்கினா வம்புதான்.

ஏன் இவ்ளோ தூரம் மண்டையை உடைக்கணும்னு கேப்பீங்க. வருஷம் தெரியறது ஒரு ஆசை, விடுங்க, மாடல் தெரியலன்னா ஊசியும் பாபினும் தப்பாப் போகும். இப்போ வீட்டு மெஷின் பெரும்பாலும் போடுற ஊசி 15×1, ஐரோப்பியக் கம்பெனிகள் இதையே 130/705ன்னு போடும், கவலைப்படாதீங்க அதே ஊசிதான். ஆனா சிங்கர் 206, 306, 319 மூணுக்கும் ஊசி 206×13, அது வேற. அங்க 15×1ஐப் போட்டு ஓட்டினா தையல் விழாம போகலாம், ஊசி போய் கீழ கொக்கியில இடிக்கவும் இடிக்கலாம். பாபினும் அப்படித்தான், 66 கிளாஸ் பாபினுக்கு ரெண்டு பக்கமும் லேசா புடைச்சிருக்கும், 15 கிளாஸ் தட்டையா இருக்கும், கையில வச்சா கிட்டத்தட்ட ஒரே சைஸ், ஒண்ணுக்குப் பதிலா ஒண்ணு உக்காந்த மாதிரி நடிக்கும், அப்புறம் நூல் கீழ கூடு கட்டும். அமெரிக்காவுல செஞ்ச ஆரம்பகால 66 சிலதுல ஃபுட் பின்பக்கத்துல இருந்து மாட்டுறது, சாதாரண ஃபுட் அதுல நிக்கவே நிக்காது. 301, 401 மாதிரி மெஷின்ல ஊசித் தண்டே சாய்வா இருக்கும், அதுக்கு ஃபுட்டும் தனி.

இன்னொரு விஷயம் சொல்லியே ஆகணும், திரும்ப பெயின்ட் அடிச்ச மெஷின்கள். மெஷின் பளபளன்னு இருக்கும், தங்கப் பூவேலை புத்தம் புதுசா இருக்கும், "நூறு வருஷம் ஆச்சு, எப்படிப் பாதுகாத்திருக்காங்க பாருங்க"ன்னு விப்பாங்க. சீரியல் நம்பர் திட்டுக்குள்ள பெயின்ட் இறங்கியிருக்கான்னு பாருங்க. தொழிற்சாலையில இருந்து வந்த நம்பரோட ஓரம் கூர்மையா இருக்கும், மேல மறுபடி பெயின்ட் போட்டா பள்ளம் ரொம்பி ஓரம் மழுங்கிடும். திட்டையே அரத்தால தேச்சு மட்டமாக்கியிருந்தா அங்கேயே விட்டுட்டு வந்துடுங்க. பூவேலையும் காட்டிக் கொடுக்கும், ஒவ்வொரு டிசைனும் சில மாடலுக்குத்தான் வந்துச்சு. எகிப்து ஸ்ஃபிங்க்ஸ் படம் 27, 127 மாதிரி மெஷின்கள்ல வரும், சிவப்புக் கண் மாதிரி இருக்குறது 66ல, அதுவும் வட அமெரிக்காவுல செஞ்சதுல, தாமரை டிசைன் கிளைட்பேங்க் 66ல. இதெல்லாம் மாறி மாறி இருந்தா யாரோ வாங்கி ஒட்டின ஸ்டிக்கர்தான். தைக்கிறதுக்கு அது ஒண்ணும் கெடுதல் இல்லைங்க, பழசுன்னு சொல்லி அதிகமா காசு வாங்கறதுதான் கெடுதல்.

அழுக்கை எடுக்கறதுல கொஞ்சம் பொறுமை வேணும். ஸ்பிரிட், தின்னர், ஆல்கஹால் இதெல்லாம் பக்கத்துலயே கொண்டு போகாதீங்க, பழைய மெஷின்ல பூவேலைக்கு மேல இருக்குறது ஷெல்லாக், ஆல்கஹால் பட்டா கரைஞ்சு தங்கமும் கூடவே போயிடும். தையல் மெஷின் எண்ணெயைப் பஞ்சுல தொட்டு நம்பர் இருக்குற இடத்துல ஊற விட்டு மெதுவா துடைக்கணும். கம்பி பிரஷ், உப்புக் காகிதம் வேண்டவே வேண்டாம். அழுக்கு போயும் நம்பர் தெரியலைன்னா டார்ச்சை நேர் மேல அடிக்காம பக்கவாட்டுல தாழ்வா பிடிங்க, பள்ளத்துல நிழல் விழும், எழுத்து எந்திரிச்சு நிக்கும். அதுக்கும் வரலைன்னா மேல மெல்லிசு பேப்பரை வச்சு பென்சிலைச் சாய்ச்சுத் தேய்ங்க, இல்ல டால்கம் பவுடரைத் தடவி மேலாப்புல துடைச்சு விடுங்க, பள்ளத்துல மட்டும் வெள்ளை நிக்கும். போன்ல போட்டோ எடுத்துப் பெருசாக்கிப் பாக்குறது கண்ணாடியை விட நல்லா வேலை செய்யுது.

கவுக்கறதுக்கு முன்னாடி பிளக்கைக் கழட்டுங்க, கால் மெஷினா இருந்தா பெல்ட்டையும். ஹெட்டு, அதாவது ஸ்டாண்டு மேல இருக்குற மெஷின் உடம்பு, ரெண்டு கீல் ஆணியில நிக்குது, அந்த ஆணியைப் பிடிக்கிற திருகு தளர்ந்திருந்தா பின்னாடி சாய்க்கும்போது ஹெட்டு அப்படியே கழண்டு கீழ வரும். வார்ப்பு இரும்பு, காலைத் தூக்கிட்டுப் போயிடும். முதல்ல திருகை இறுக்கிட்டு அப்புறம் சாய்ங்க.

மோட்டார் மேல ஒரு பிளேட் இருக்கும், அதுலயும் நம்பர் இருக்கும், அது மோட்டாரோட நம்பர். 1910 கால் மெஷினுக்கு 1950ல மோட்டார் மாட்டியிருப்பாங்க, ரெண்டும் சட்டப்படி சேந்து வாழும், வயசு மட்டும் வேற. மரப்பெட்டி, ஸ்டாண்டு இதுக்கும் அதே விதிதான், இரும்பு ஸ்டாண்டுல வளைச்சு எழுதியிருக்குற பேரும் மேல இருக்குற ஹெட்டும் ஒத்துப் போகணும்னு எந்தக் கட்டாயமும் இல்ல.

புது மெஷின்ல இவ்ளோ துப்பறியும் வேலை கிடையாது, அடியிலயோ பின்னாடியோ பிளக் சொருகுற இடத்துக்குப் பக்கத்துலயோ ஒரு வெள்ளி ஸ்டிக்கர், அதுல மாடல், சீரியல் நம்பர், வோல்ட், ஹெர்ட்ஸ், வாட், எந்த நாட்டுல செஞ்சது எல்லாம். ஆனா இங்கயும் ஒரு சிக்கல், முன்னாடி பெருசா எழுதியிருக்குறது விக்கிறதுக்காக வச்ச பேரு, உண்மையான மாடல் ஸ்டிக்கர்ல இருக்குறதுதான். அதே மெஷின் வேற நாட்டுக்குப் போகும்போது ஒரு எழுத்து மாறும், வோல்ட்டும் மாறும். வெளிநாட்டுல இருந்து வந்த மெஷினா இருந்தா முதல்ல படிக்க வேண்டிய வரி வோல்ட்தான், 120 வோல்ட்டுனு இருக்குறதை 230ல சொருகினா சீரியல் நம்பர் எதுக்கும் உதவாது. கால் பெடலுக்குத் தனியா மாடல் நம்பர் இருக்கும், அதையும் பாருங்க, பிளக் உள்ள போகுதுங்கறதுக்காக அது இந்த மெஷினோட பெடல் ஆயிடாது. சதுரத்துக்குள்ள சதுரம் போட்டிருந்தா அது ரெட்டை இன்சுலேஷன் குறி, மாடல் கீடல்னு எதுவும் இல்ல.

மாடல் நம்பரையே கம்பெனிக்காரங்க திரும்பப் பயன்படுத்துவாங்கங்கறது இன்னொரு தலைவலி. பெர்னினா 830 ரெக்கார்டு 1970கள்ல வந்த மெஷின், இன்னமும் அதை வச்சுத் தைக்கிறவங்க இருக்காங்க. 2008ல வந்த பெர்னினா 830 எம்ப்ராய்டரியோட பெரிய கம்ப்யூட்டர் மெஷின். 830க்கு ஃபுட் வேணும்னு மொட்டையா சொன்னா எதிர்ல இருக்குறவர் எதை நினைப்பார்? சிங்கரும் ஃபெதர்வெயிட்ங்கற பேரைப் பின்னாடி வந்த வேற மெஷினுக்கு வச்சிருக்கு, அந்த 221க்கும் இதுக்கும் பேரைத் தவிர ஒரு சம்பந்தமும் இல்ல.

தையல் தொழிற்சாலைகள்ல ஓடுற பெரிய மெஷின்கள்ல பேருக்குப் பின்னாடி வர்ற ஒட்டுதான் எல்லாமே. ஜூக்கி டி டி எல்-8700ன்னா சாதாரண ஒத்தை ஊசி மெஷின், அதே 8700க்குப் பின்னாடி எச் இருந்தா கனத்த துணிக்கானது, கோடு போட்டு 7 இருந்தா நூலைத் தானா வெட்டுறது. வேற கம்பெனிகளும் அவங்க பேரை முன்னாடி போட்டு 8700ன்னே விக்கிறாங்க, அதனால நம்பரோட கம்பெனி பேரையும் சேத்துச் சொல்லணும். ஹெட்டுல இருக்குற பிளேட் ஒண்ணு, மோட்டார்ல ஒண்ணு, கன்ட்ரோல் பெட்டியில ஒண்ணு, மூணையும் தனித்தனியா போட்டோ எடுத்துக்கோங்க, பாதி நேரம் ரிப்பேர் வர்றது அந்தப் பெட்டியிலதான்.

ஸ்க்ரீன் வச்ச எம்ப்ராய்டரி மெஷின்ல செட்டிங்ஸுக்குள்ள போனா சாஃப்ட்வேர் வெர்ஷன் நம்பர் இருக்கும், சிலதுல மெஷினுக்குன்னு ஒரு உள் நம்பரும் இருக்கும். அது ஸ்டிக்கர்ல இருக்குற சீரியல் நம்பர் கிடையாது. அப்டேட் பண்ணவோ கூடுதல் வசதி வாங்கிப் போடவோ போனா இந்த உள் நம்பரைத்தான் கேப்பாங்க, வாரன்டிக்குப் போனா ஸ்டிக்கர்ல இருக்குறதை. ஸ்டிக்கர் எண்ணெய் பட்டு, மேசையில உரசி, அஞ்சாறு வருஷத்துல படிக்க முடியாம போயிடும். மெஷின் வாங்கின அன்னிக்கே அதைப் போட்டோ எடுத்து வச்சுட்டு, மாடலையும் சீரியல் நம்பரையும் கூட வர்ற புக்கோட முதல் பக்கத்துல எழுதிடுங்க, ஓவும் சைபரும் குழம்பாம இருக்க சைபருக்குக் குறுக்கே ஒரு கோடு போட்டு.